நாலு நிமிடம்

பெத்தியோவிலிருந்து மையானா போகும் வழியில்
மோட்டார் இரண்டு தடவை இருமி நின்றுவிட்டது.
படகில் நான், என் தங்கை கணவன் பவுரோ,
அரை மூட்டை அரிசி,
தேவாலயத்துக்கு வாங்கிய இரண்டு பிளாஸ்டிக் நாற்காலி.

நான்கு வருடமாக அவனோடு எனக்குப் பேச்சில்லை.
ஒரு தையல் மிஷின் விவகாரம்.
இப்போது அது எதற்கு.

கரை வெளிச்சம் கொஞ்ச நேரம் இருந்தது.
அப்புறம் அது இருந்த பக்கம் மட்டும் தெரிந்தது.
அப்புறம் அதுவும் இல்லை.

வானிலை அலுவலகத்தில்
பலூன் விடும் நேரத்தைப் பேரேட்டில் எழுதுவது என் வேலை.
எதைக் கண்டாலும் கண் மணிக்கட்டுக்குப் போய்விடும்.
தென்கிழக்கில் கேட்டை எழுந்தது,
ஊதிவிட்ட கரித்துண்டு போல.
ஏழு நாற்பத்திரண்டு.

மறுநாளும்
ஏழு நாற்பத்திரண்டு.

மூன்றாம் நாள் அடிவானத்தில் துளி மேகமில்லை.
கடிகாரத்தைக் காதில் வைத்துப் பார்த்தேன்.
ஓடிக்கொண்டுதான் இருந்தது.

வயிற்றைக் கலக்கியது.

நிற்கிற மண்ணுக்கு
எந்த விண்மீனும் இரவுக்கு நாலு நிமிடம் முந்தி வரும்.
இது முந்தவில்லை.
அப்படியானால் பிந்துவது நாங்கள்.
நாளுக்கு ஒரு பாகை மேற்கே,
அறுபது கடல் மைல்,
ஒரு துடுப்பு போடாமல்.

எங்கள் தீவுகளில் வானத்தைக் கூரை என்பார்கள்,
கைமரம் கைமரமாய் எண்ணுவார்கள்.
கூரையில் ஒரு ஓலை கலையவில்லை.
தரைதான் போய்க்கொண்டிருந்தது.

"எங்கே இருக்கிறோம்?" என்றான் பவுரோ.
நான்கு வருடத்தில் முதல் வார்த்தை.

கிழக்கே கை நீட்டினேன்.
"மையானா அதோ. நீரோட்டம் திரும்புகிறது.
இரண்டு நாள், மிஞ்சினால் மூன்று."
இவ்வளவு சரளமாய் எனக்குப் பொய் வரும் என்று
அன்றுதான் தெரிந்தது.

ஊறவைத்த அரிசியை மென்றோம்.
நாற்காலிக் குழிவில் தேங்கிய மழையை
ஆளுக்கு நாலு மடக்கு.
மேலேயும் மீன், கீழேயும் மீன்.
கீழே ஒன்றும் சிக்கவில்லை.

ஆறாம் இரவு, என் கணக்குப்படி,
நவுரு எங்களுக்குத் தெற்கே கடந்துபோக வேண்டும்.
விடிய விடிய அந்தப் பக்கமே பார்த்தேன்.
ஒரு விளக்கு இல்லை.
அங்கே யாரோ மீன் பொரித்திருப்பார்கள்,
குழந்தையை அதட்டியிருப்பார்கள்.
பவுரோ தூங்கிக்கொண்டிருந்தான்.
எழுப்பி என்ன சொல்ல?

காலையில் அவனிடம் பேசினேன்.
மையானாவில் இறங்கியதும் என்ன சமைப்பது,
நாற்காலியில் யார் முதலில் உட்காருவது,
தையல் மிஷினை அவளே வைத்துக்கொள்ளட்டும்,
ஊசி மட்டும் புதிதாய் வாங்க வேண்டும்.
வாய் வறண்டும் நிறுத்தவில்லை.

பதினோராம் நாள் ஒரு தைவான் சூரைக் கப்பல்.
யாரோ என் கையில் இனிப்புத் தேநீரைத் திணித்தார்கள்.
குடிக்காமல்
மாலுமியறைத் திரையை எட்டிப் பார்த்தேன்.
நூற்று அறுபத்திரண்டு பாகை, சொச்சம்.
நான் நினைத்தது நூற்று அறுபத்திரண்டு.

வெட்கமாக இருந்தது. சந்தோஷமாகவும்.

பின்னால் பவுரோ, போர்வைக்குள்ளிருந்து:
"ரிம்விமாத்தா நேரம் மாறாமல் வந்ததே.
நானும் ஒன்பது வருடம் ஜெர்மன் கப்பலில் இருந்தவன்.
மூன்றாம் நாள் நீ கடிகாரத்தைக் காதில் வைத்தாயே,
அப்போதே தெரியும்."

"ஏன் சொல்லவில்லை?"

"நீ பேசிக்கொண்டிருந்தாய்."

வீடு வந்து சேர ஜூன் பாதியாகிவிட்டது.
அதற்குள் கேட்டை வெளிச்சத்திலேயே ஏறத் தொடங்கியிருந்தது.
ஆகவே திருவோணம்.
பெத்தியோ கடற்சுவரில் உட்கார்ந்து பார்த்தேன்.
எட்டு நாற்பத்துமூன்று.

மறுநாள் தங்கை சாப்பிடக் கூப்பிட்டாள்.
இரு, வருகிறேன் என்றேன்.
உள்ளே மிஷின் ஓடும் சத்தம்.
முள்ளைப் பார்த்தேன், கிழக்கைப் பார்த்தேன்,
மூச்சு விடவில்லை.

எட்டு முப்பத்தொன்பது.

சுவரை உள்ளங்கையால் ஒருமுறை தட்டிவிட்டு
சாப்பிடப் போனேன்.