நானூறு பேர்

கேரட் கால் கிலோ, முருங்கைக்கீரை ஒரு கட்டு.
"வீட்ல எத்தனை பேரு தம்பி?"
செல்லூர் காய்க்கடை இருளப்பன் கேட்கிறார்.
நானூறு என்றால் நம்புவாரா.

சுவர்க்கோழி என்று பேர் வைத்தவன்
இதை எதிர்பார்த்திருக்க மாட்டான்:
முட்டை அட்டைக் குழிகளில்
மீசையை ஆட்டிக் குடியிருக்கின்றன.
கிண்ணத்தில் தண்ணீர் வைத்த முதல் வாரம்
அறுபது மூழ்கிச் செத்தன.
இப்போது ஈரப் பஞ்சு.
செத்ததை அன்றன்றே பொறுக்கிவிட வேண்டும்,
நாற்றத்திலேயே மீதியும் போகும்.

வாடகை பாக்கியோடு ஓசூர் போன சகாயராஜ்
விட்டுப்போனது இந்தப் புள்ளிப் பல்லியை.
போனில் "சாப்டுச்சா" என்பான்.
என்னை இல்லை.

சித்திரை மதியம், கரண்ட் போய் மூன்று மணி நேரம்.
நனைத்த சாக்கைப் பெட்டியோரம் தொங்கவிட்டு
காலண்டர் அட்டையால் விசிறிக்கொண்டிருந்தேன்,
ராத்திரி தின்னக் கொடுக்கப்போகும் உயிர்களுக்கு.

கொழுத்ததில் ஆறு எடுத்து
கால்சியம் பொடியில் குலுக்கினால்
கல்யாணத்துக்குப் பவுடர் அப்பிய பையன்கள் மாதிரி
திருதிருவென விழிக்கின்றன.
பல்லி வால்நுனியை நெளிக்கிறது.
ஒன்று. இரண்டு.
மூன்றாவதை மெல்லும்போது
கண்ணை மூடிக்கொள்கிறது.
இதற்கு இமை உண்டு.

தப்பிய ஒன்று மட்டும்
பீரோவுக்குப் பின்னாலிருந்து நாலு இரவாய்க் கத்தியது.
கீழ்வீட்டில் புகார்.
நேற்று பாதிக் கத்தலில் நின்றது.

பீரோ மறைவிலிருந்து சுவரேறி வந்தது
டியூப்லைட்டடி ஊர்ப்பல்லி,
யாரும் வாங்காதது, பேர் வைக்காதது.
கேரட்டும் முருங்கையும் ஊட்டிய
கடைசிக் காலையும் விழுங்கிவிட்டு
உச்சுக் கொட்டியது.

எந்தத் திசை என்று
பார்த்து வைத்துக்கொண்டேன்.