வலது காதில் ஓதீல்

காக்கி புக்கிட்டில், டயர்க் கடைக்கு மேலே
நான்காம் மாடி.
லிஃப்ட் ஓடினால் பதிவில் விழும் என்று
சனிக்கிழமை இரவுதான் எங்களுக்கு வேலை.
கீழே ஷட்டர் இறங்கியதும் ஜுனைதி
ஏர்கானையும் அணைப்பான்.
வியர்த்துக்கொண்டே நான் ஒன்பது வயதுப் பையனாவேன்.

வார நாட்களில் பாலிகிளினிக்கில் எண் கூப்பிடும் மேசை.
அங்கே என் குரலை யாரும் கேட்பதில்லை,
எண்ணைத்தான் கேட்பார்கள்.

பையன் பிரெஞ்சுக்காரன், வாத்து வளர்ப்பவன்.
தமிழில் முகிலன் என்று வைத்தோம்.
வாத்தை வாத்தாகவே விட்டோம்.
இடது காதில் என் குரல்,
வலது காதில் பாரிஸில் யாரோ ஒருத்தி.
கடைசித் திரையில் அரை விநாடி ஓடும் பெயர்:
ஓதீல்.
"ஓதுதல் இருக்கு பாரு அதுல" என்றேன்.
ஜுனைதிக்குத் தெரிந்த தமிழ் இரண்டே சொல்,
அக்கா, போதும்.
தலையை மட்டும் ஆட்டினான்.

அவள் பையன் "வுயி" என்றால்
உதடு குவிந்து விரியும், அவ்வளவே.
எங்கள் ஆமாமோ இரண்டு முறை வாயை மூடும்.
அதனால் பதினோரு வருடமாக முகிலன்
ஒரு தடவைகூட ஆமாம் சொன்னதில்லை.
சரி. சரி. சரி.
இந்தத் தீவிலேயே இவ்வளவு இணக்கமான பிள்ளை கிடையாது.
மறுப்பில்தான் பாடு.
அவளுடையது ஓரசை, மூக்கிலேயே முடிந்துவிடும்.
இல்லை என்பது தேமா.
பாதியைச் சொல்லிவிட்டு
மீதிக்கு அவன் முதுகைத் திருப்பும்வரை காத்திருப்பேன்.

பொய் சொல்லுமுன் ஒரு மூச்சு எடுப்பாள்.
படத்தில் அது இல்லை, பையனின் வாய் அசையாது.
அவளாகச் சேர்த்தது,
கதவைத் திறந்து எட்டிப் பார்த்துவிட்டுச்
சாத்துகிற மாதிரி ஒரு மூச்சு.
நானும் எடுத்தேன்.
மூன்றாம் பருவத்தில் அவளுக்குச் சளி.
யாரோ வெட்ட மறந்த ஓர் இருமல்.
நானும் இருமினேன்.
ஐந்தாம் பருவத்தில் அவள் கத்தும்போது
ஓரம் பிசிறியது. எனக்கும்தான்.
படிக்கும் கண்ணாடி போட்டுக்கொண்டு
வசனம் பார்க்கிற ஒன்பது வயது.

ஏழாம் பருவம், முதல் வரி,
வேறு ஒருத்தி.
இளசு. நேரத்துக்கு வருகிறாள், நேரத்துக்குப் போகிறாள்,
குறை சொல்ல ஒன்றுமில்லை.
ஜுனைதியைக் கேட்டேன். கோப்பு மட்டும்தான் வரும் என்றான்.
ஓய்வு பெற்றிருக்கலாம்.
சம்பளம் பேசி முறிந்திருக்கலாம்.
தொண்டையில் ஏதாவது
என்று தொடங்கிய வாக்கியத்தை நான் முடிக்கவில்லை.

பையன் பொய் சொல்லும் இடம் வந்தது.
வலது காது காலி.
நான் எடுத்தேன்.
ஜுனைதி நிறுத்தி, அலைக்கோட்டின் மேட்டில்
விரலை வைத்தான். "அக்கா?"
மறுபடி ஓட்டினான். மறுபடி எடுத்தேன்.
நான்காம் முறை "போதும்" என்றான்,
சேமித்துவிட்டு ஏர்கானைப் போட்டான்.

அது ஒளிபரப்பாகி எத்தனையோ வாரம் கழித்து
ஒரு ஞாயிறு, பெடோக் உணவங்காடி.
பக்கத்து மேசையில் ஒரு தாய்:
"தம்பியோட ஐஸ் கச்சாங்க யார் சாப்பிட்டது?"
நாக்கெல்லாம் சிவப்பாக ஒரு சிறுமி
மூச்சு எடுத்தாள்.
திறந்து, எட்டிப் பார்த்து, சாத்தி,
"அவனேதான்" என்றாள்.

எழுந்து போய் ஏதாவது சொல்லியிருக்கலாம்.
என்ன சொல்வது, அதை எங்கே தொடங்குவது?
முந்தின இரவு வாத்தைத் துரத்திக் கத்தியதில்
எனக்குக் குரலே இல்லை.
பானக் கடையில் ஒரு விரலைக் காட்டினேன்,
சீனி வேண்டாமென்று கையை ஆட்டினேன்.
கடைக்காரர் உள்ளே திரும்பி
எனக்காக உரக்கச் சொன்னார்:
கோப்பி ஓ கோசோங்!