ஒத்துப் பார்ப்பவன்

குத்தாயிஸியில் ஒரு வங்கியில்
கையெழுத்தை ஒத்துப் பார்ப்பது என் வேலை.
இடப்பக்கம் அட்டை, வலப்பக்கம் காசோலை,
நடுவே என் மூக்கு.
பதினேழு வருடம்.

மாலையில் அதே மூக்கு
மகள் எலிசோவின் நோட்டுக்கு மேல்.

எங்கள் ஜார்ஜிய எழுத்துகளுக்கு மூலை கிடையாது.
திராட்சைக்கொடியின் பற்றுச்சுருள் மாதிரி
வளைந்து வளைந்துதான் நிற்கும்.
அவள் தாளில் 'லாஸ்' என்னும் எழுத்து
ஒரு வரியில் இரண்டு மேடு,
அடுத்த வரியில் நான்கு,
அதற்கடுத்து கோட்டைவிட்டு இறங்கி
விளிம்பில் போய் உட்கார்ந்திருந்தது.
அவள் பெயரிலேயே இருக்கும் எழுத்து.
"ஒன்றை ஐந்து விதமாகவா எழுதுவாய்?
கோழி இதைவிட ஒழுங்காகக் கிளறும்."
நான்தான் சொன்னேன்.
பத்து முறை எழுதவும் சொன்னேன்.
பத்தாவது, முதலாவதைவிட மோசம்.

ஆனால் அவள் பேச ஆரம்பித்தால்!
ரியோனி ஆற்று வெள்ளத்தில்
ஜும்பேர் வீட்டுக் கோழிக்கூண்டு மிதந்து போன கதை:
கூரைமேல் நின்ற சேவல்
ஒவ்வொரு பாலத்துக்கும் தலையைக் குனிந்ததாம்.
இயா கரண்டியை வாய்க்குக் கொண்டுபோக மறந்தாள்.
மறுநாள் கட்டுரையில் அதே வெள்ளம்:
'தண்ணீர் வந்தது. சேவல் போனது.'
சேவல் ஏன் குனியவில்லை என்றேன்.
"குனிந்தது நீளமான சொல், அப்பா."
கட்டைவிரலின் அடிப்பக்கத்தை
அமுக்கிக்கொண்டே சொன்னாள்.

டிஸ்கிராஃபியா என்றார் நதேலா.
சோம்பல் இல்லை, திமிரும் இல்லை.
நமக்கு வீட்டுப் படிக்கட்டு,
விளக்கணைந்தாலும் கால் இறங்கிவிடும்.
அவளுக்கு ஒவ்வொரு எழுத்தும்
அந்நிய வீட்டுப் படி; தடவித் தடவி
இறங்குவதற்குள் சொல்ல வந்தது போய்விடும்.
தலையை ஆட்டினேன்.
புரிந்தது என்று சொல்ல மாட்டேன்.

வியாழக்கிழமை ஒரு காசோலை வந்தது.
அட்டைமேல் வைத்து வெளிச்சத்தில் பிடித்தேன்,
மயிரிழை பிசகவில்லை.
உடனே நிறுத்தினேன்: போலி.
உயிருள்ள கை ஒரு பெயரை
இரண்டு முறை ஒரே மாதிரி போடாது;
புதிதாகச் சேரும் பையன்களுக்கு
முதல் நாளே நான் சொல்வது.
சொல்லிச் சொல்லிப் பழகிய வாய்
அன்று காசோலையை வைத்துக்கொண்டு
சும்மா இருந்தது.

இப்போது அவள் சொல்ல, நான் எழுதுகிறேன்.
"மெதுவாகப் போ, எலிசோ."
"எங்கே விட்டீர்கள்?"
"சேவல் இரண்டாவது பாலத்துக்கு வருகிறது."
காத்திருக்கிறாள்.
அவளுக்கு நான் இப்படிக் காத்திருந்ததில்லை.

வரலாற்றுப் பரீட்சையை வாயால் சொல்லலாம் என்றாகிவிட்டது.
தட்டச்சில் 'குனிந்தது' வருகிறது, மூன்று பாலத்துக்கும்.
கணக்கு ஆசிரியர் இன்னும் பிடிகொடுக்கவில்லை,
மார்ச்சில் மறுபடி போக வேண்டும்.
சில செவ்வாய்களில் தாளைக் கிழித்துவிட்டு
குளியலறையில் தாழ் போட்டுக்கொள்கிறாள்.
கதவுக்கு வெளியே எனக்கும்
சொல் எதுவும் வருவதில்லை.

நேற்று நூலக அட்டையில் கையெழுத்து கேட்டார்கள்.
நாக்கைக் கடித்துக்கொண்டு போட்டாள்.
லாஸுக்கு இந்த முறை மூன்று மேடு.
"சரியா, அப்பா?"
மூக்கைக் கொண்டுபோகவில்லை.
உன்னுடையதுதான் என்றேன்.