ஏழாம் இடம்

முதலில் இன்றைய வலி.
பிறகுதான் அன்றைய காயம்.
வரிசை மாறினால்
காப்பீட்டு நிறுவனம் திருப்பி அனுப்பிவிடும்.

இருபது ஆண்டாக இதுதான் வேலை எனக்கு.
கரிபூ மருத்துவமனையின் பின்கட்டில்,
வெப்பக்குழாய் முனகும் அறையில்,
உடைந்தவர்களை எண்ணாக்குவது.
எலும்பு புதிதாய் முறிந்திருந்தால் கடைசி எழுத்து ஏ.
கட்டுப் பிரிக்க வந்தால் டி.
எல்லாம் ஆறி,
ஆறிய விதமே தொல்லையானால்
எஸ்.
ஏழாம் இடம் அந்த எழுத்துக்கு.
ஆறாம் இடத்தில் சொல்ல ஏதுமில்லையென்றால்
வெறுமையாக விடாதே, ஓர் எக்ஸ் போடு
என்கிறது விதிநூல்.
வெறுமைக்கும் எழுத்து வைத்தவர்கள்
கெட்டிக்காரர்கள்.

இன்னொரு விதியை மஞ்சள் தாளில் எழுதித்
திரையோரம் ஒட்டியிருக்கிறேன்:
பின்விளைவுக்குக் காலக்கெடு இல்லை.

செவ்வாய்க்கிழமை வந்த கோப்பு.
டெல்ஃபிஸ் மொர்னோ, வயது நாற்பத்தெட்டு.
வலது கை. விரல்கள் மடங்கியபடியே இறுகிவிட்டன.
குவளை பிடிப்பார், பொத்தான் போட வராது.
பழைய காயம், கிழங்கு அறுவடை இயந்திரம் என்று
டாக்டர் ஹெய்டன் வேறொரு வரியில் எழுதியிருந்தார்.
இரண்டு வரிக்கும் நடுவே
'அதனால்' என்ற ஒரு சொல் இல்லை.

அந்தச் சொல்லை நான் போடக்கூடாது.
ஊகிக்க எனக்கு அனுமதியில்லை.
எனக்குத் தெரியும் என்பது
கணக்கில் வராது.

எனக்குத் தெரியும்.
அக்டோபர் முதல் வாரம்.
கிழங்கு எடுக்கப் பள்ளிக்கு மூன்று வார விடுமுறை.
வரப்புப் புல்லில் உறைபனி நொறுங்கும்.
இயந்திரத்தின் மேல்தட்டில் நாங்கள் நால்வர்.
கம்பிச் சங்கிலி மண்ணையும் கிழங்கையும் அள்ளி மேலேற்ற
கல்லும் கொடியும் பொறுக்கி வீசுவோம்.
ஒரு கல் சிக்கிச் சங்கிலி நின்றது.
டெல்ஃபிஸ் குனிந்து கையை உள்ளே விட்டான்.
எனக்குப் பதினைந்து வயது.
கண்ணில் விழுந்த முடியை ஒதுக்கக்
கையைத் தூக்கினேன்.
டிராக்டரிலிருந்து தியோடோர் திரும்பிப் பார்த்தார்.
தூக்கிய கை என்றால் போகலாம் என்று பொருள்,
காலையில் அவரே சொல்லியிருந்தார்.

போனார்.

அதற்குப் பிறகு நான் எங்கும்
தோளுக்கு மேல் கை உயர்த்தியதில்லை.
வகுப்பில் விடை தெரிந்தும்.
ஊர்க்கூட்டத்தில் பள்ளி வரிக்கு வாக்கெடுத்தபோது
ஆதரவிலும் இல்லை, எதிர்ப்பிலும் இல்லை.
மகன் பாங்கோர் பேருந்தில் ஏறிய அன்று
இடுப்பருகே விரல்களை அசைத்தேன்.
பார்த்தானோ என்னவோ.

இந்தக் கோப்பை டினாவிடம் தள்ளியிருக்க வேண்டும்.
'தெரிந்தவர்' என்றால் போதும், மேலாளர் காரணம் கேட்கமாட்டார்.
தள்ளவில்லை.
டாக்டருக்குக் கேள்விப் படிவம் நிரப்பினேன்.
பதிலை ஊட்டிவிடும் கேள்வி கூடாது, அதுவும் விதி.
இறுக்கத்தின் காரணத்தைத் தெளிவுபடுத்தவும்:
பழைய காயத்தின் விளைவு,
வேறு காரணம்,
தீர்மானிக்க இயலாது.
கீழே என் பெயர், ரோபர்ட்டா மிஷோ.
கல்யாணத்தில் வந்த பெயர்,
டெல்ஃபிஸ் அறியாதது.

வியாழன் மதியம் பதில்.
முதல் பெட்டியில் டிக்.
ஓரத்தில், யாரும் கேட்காத ஒரு வரி:
அப்போது இயந்திரத்தின் மேல்
தான் மட்டும்தான் இருந்ததாக
நோயாளி சொல்கிறார்.

எத்தனை முறை திறந்து படித்தேன் என்று
கணினி குறித்துவைத்திருக்கும்.

மறந்துவிட்டானா.
இல்லை, முப்பத்திரண்டு ஆண்டாய்க்
கேட்டவர்களுக்கெல்லாம் இப்படியே சொல்லிவந்தானா.
அதைக் கேட்கப் படிவம் கிடையாது.

எம் 24.541. இறுக்கம், வலது கை.
எஸ் 67.21, எக்ஸ், எஸ். நசுங்கல்.
டபிள்யூ 30.89, எக்ஸ், எஸ்.
எந்த இயந்திரம் என்று மட்டும் கேட்கிறது இந்தக் கட்டம்.
சொன்னேன்.

அனுப்பியதும் அடுத்த கோப்பு.
ஏழு வயதுப் பையன்.
கொட்டகை ஏணி. இடது முன்கை.
ஏ.
மாவுக்கட்டு இன்னும் ஈரம்.