பதினைந்தாவது சாவு

கெர்ரித்தை எங்கள் தெருவில்
கலெக்டர் என்றுதான் கூப்பிடுவார்கள்.
முத்தியால்பேட்டை மீன் மார்க்கெட்டில்
வஞ்சிரத்துக்குப் பேரம் பேசும் கலெக்டர்.
"கட்டுடா வரியை" என்று அவர் உறுமிய படத்தில்
உறுமியது நான்.
நெல்லித்தோப்பு செபமாலைநாதன்,
டப்பிங் குரல்,
பஸ் காசு தனி.

ஹார்லெம் என்கிற ஊரில்
கதவு திறந்துவிடும் வேலைக்காரனாக மேடையேறியவர்.
பிறகு தந்தி கொண்டுவருபவன், பல் டாக்டர்,
சாட்சி சொல்ல வந்து மிரண்டுபோகிறவன்.
டெலிவிஷனில் ஒன்பது வருஷம் ரொட்டிக்கடைக்காரர்.
"இன்னிக்கு நல்லா வெந்திருக்கு."
ஒன்பது வருஷமும் அநேகமாக அதுதான் வசனம்.
ஒருநாள் கதையில் கடையை இடித்துவிட்டார்கள்.
அவருக்கு யாரும் சொல்லவில்லை.
படிக்கக் கொடுத்த தாளில் கடை இல்லை,
அவ்வளவுதான்.

நாடக விழாவுக்குப் புதுச்சேரி வந்தார்.
திரும்பிப் போகிற டிக்கெட்டைப்
படித்துக்கொண்டிருந்த புத்தகத்தில்
அடையாளத்துக்கு வைத்தார்.
அந்தப் புத்தகத்தை இன்னும் முடிக்கவில்லை.

சினிமாக்காரர்களுக்கு அவரைப் பிடித்துப்போனது.
நீலக்கண்; சொன்ன இடத்தில் சரியாக விழுவார்.
பதினாலு படம், பதினாலு சாவு.
நோட்டில் கணக்கு வைத்திருக்கிறார்:
துப்பாக்கி ஏழு, கத்தி மூன்று,
விஷம், யானை, குதிரையிலிருந்து விழுந்தது,
ஒன்றுக்குக் காரணம் எழுதவில்லை.
"குதிரைக்கு என்னைவிடச் சம்பளம் அதிகம்,
அதுக்கு ஏஜென்ட் இருக்கு" என்பார்.

வாழைப்பழம் என்று சொல்லிக் காட்டி
கடலூர் பஸ் கண்டக்டரை வெட்கப்பட வைத்தவர்.
ஷூட்டிங்கில் மட்டும்
"ஒன் டூ த்ரீ ஃபோர் சொன்னாப் போதும் சார்,
வாய் அசைஞ்சா சரி."
கண் சிவக்க, மீசை துடிக்க
அவர் நூற்று நாற்பதுவரை எண்ணுவார்.
எண்களின் மேல் என் கோபத்தை ஒட்டிவிட்டு
நான் வவுச்சரில் கையெழுத்துப் போடுவேன்.

கடலூர் முதுநகரில் ஒரு நாடகக் குழு.
இயக்கியவள் வேல்விழி.
"நீங்க ரேஷன் கடை சேல்ஸ்மேன்."
"வெள்ளைக்கார சேல்ஸ்மேனா?"
"இல்ல. பேரு கோதண்டம். இந்தத் தெரு."
மீனவர் சங்கக் கட்டடம், நூறு நாற்காலி.
சட்டைப் பையில் இங்க் கசியும் பேனாவோடு அவர் வந்ததும்
ஐந்து நிமிஷம் சிரிப்பு அடங்கவில்லை.
அதிலே அவருக்கு வசனம் மறந்துபோனது.

மண்ணெண்ணெய் இன்னும் வரல, திங்கட்கிழமை வாங்க.
இதுதான் வசனம்.
திரை மறைவில் பிரதியோடு நான்.
பழக்கத்தில் தொண்டை தானாக அசைந்தது.
எடுத்துக் கொடுக்கவில்லை.
பொறாமையா என்றால், கொஞ்சம்.

அவர் பில் மெஷினைப் பார்த்தார்.
சாக்பீஸில் எழுதிய இருப்புப் பலகையைப் பார்த்தார்.
முன்னால் நின்றவளை மட்டும் பார்க்காமல்
"மண்ணெண்ணெய் வராது" என்றார்.

மூன்றாவது வரிசையில் ஒரு அம்மா எழுந்து,
"இத்தன வருஷத்துல
இப்பதான்டா ஒருத்தன் உண்மையச் சொல்றான்!"
அப்புறம் அந்தக் கூட்டம்
கோதண்டத்திடம்தான் சண்டை போட்டது.

கடைசி பஸ்ஸில், தவளக்குப்பம் தாண்டியதும் கேட்டார்:
"வேணும்னே விட்டியா?"
"தூங்கிட்டேன்" என்றேன்.

தை மாதம் மறுபடி கலெக்டர்.
துப்பாக்கி, எட்டு.
டப்பிங் அன்று கூடவே வந்து
ஒன்றும் பேசாமல் பக்கத்தில் உட்கார்ந்திருந்தார்.
இன்ஜினியர் டீ வாங்கித் திரும்பும் நேரம்,
குண்டு பாயும் ரீல் ஓடத் தொடங்கியது.
நான் மைக்கை அவர் பக்கம் திருப்பினேன்.

படத்தில் அந்த ஒரு "ஆ" மட்டும் அவருடையது.
யாரும் கண்டுபிடிக்கவில்லை.
என் சம்பளத்திலும் பிடிக்கவில்லை.