நாற்பது வினாடி

எங்கள் ஊர் ஒலிபரப்புக் கோபுரம்
பொழுது சாய்ந்ததும் குரலைத் தாழ்த்திக்கொள்ளும்.
சட்டம் அப்படி.
மூன்று இன்னிங்ஸ் வரை தெளிவு,
நாலாவதில் மணல்,
ஐந்தாவதில் எங்கிருந்தோ ஒரு பிரசங்கியார் வந்து
மனந்திரும்பச் சொல்வார்.
பந்து என்ன ஆயிற்று என்று அவருக்குத் தெரியாது.

தாதுக் கப்பல்கள் வந்துபோகும் இந்த ஏரிக்கரையில்
மீன்கொத்திகளின் ஆட்டத்தைக் கேட்க
ஆளுக்கொரு வழி.
மார்லிஸ் தண்ணீர்த்தொட்டி மேட்டுக்குப் போய்
காரை வடக்குப் பார்த்து நிறுத்துவாள்.
தெற்குப் பார்த்தால் ஒரு சொல்கூட விழாது.
ஏன் என்று கேட்டால் தோளைக் குலுக்குவாள்.
மீன் பொரிக்கும் கடையில்
சட்டை மாட்டும் கம்பிதான் ஏரியல்,
அதன் நுனியில் ஒரு முள்கரண்டி.
பாலம் தூக்கும் ஓர்விலுக்குக்
கப்பல் வந்தால் ஆட்டம் போச்சு.
இரும்புப் பாலம் எழும்போது
ரேடியோ வாயை மூடிக்கொள்ளும்.
ஒருமுறை அறுபதாயிரம் டன் தாது
ஒரு ஹோம் ரன்னை விழுங்கிக்கொண்டு
மெதுவாகக் கடந்து போயிற்று.

நான் கைபேசியில் கேட்கிறேன்.
மாதம் நாலு டாலர்.
இரைச்சல் இல்லை, பிரசங்கியார் இல்லை,
துடைத்து வைத்த கண்ணாடி போலக் குரல்.
ஒரே குறை:
எதுவும் நடந்து நாற்பது வினாடி கழித்துத்தான்
எனக்கு நடக்கும்.

கீழ்வீட்டு ரூடி வொய்டாஸிடம்
பேட்டரி போட்ட பழைய பெட்டி.
அவனுக்கு எல்லாம் உடனுக்குடன்.

ஜனவரியிலிருந்து நாங்கள் பேசுவதில்லை.
ஒரு மணி நேரம் பனியை வெட்டி
நான் உண்டாக்கிய இடத்தில்
அவன் தன் வண்டியைக் கொண்டுவந்து நிறுத்தினான்.
அன்று சொன்ன சொற்களை
இங்கே எழுத வேண்டாம்.

எங்கள் பேச்சு நின்றது.
தரைப்பலகை நிற்கவில்லை.
மேசையில் ஒரு குத்து என்றால் நம் ஆள் ஓடி வந்துவிட்டான்.
நாற்காலி கிறீச்சிட்டால் எதிரணி.
குளிர்பெட்டி திறந்தால்
பிட்சரை மாற்றுகிறார்கள்.
கோடை முழுக்கப்
பகையாளி வீட்டிலிருந்து எனக்கு
வருங்காலம் வந்துகொண்டிருந்தது,
வாடகை இல்லாமல்.
‘பின்னால் ஓடுகிறான், ஓடுகிறான், கையை உயர்த்துகிறான்...’
வர்ணனையாளர் நெஞ்சைப் பிடிக்கவைக்கும்போது
நான் பாத்திரம் துலக்கிக்கொண்டிருப்பேன்.
எனக்குத்தான் தெரியுமே.
ஓர் ஆட்டத்தை இதைவிட மோசமாகக் கேட்க முடியாது.
காதில் செருகிக்கொண்டிருக்கலாம்.
செருகவில்லை.

செப்டம்பர் கடைசி வெள்ளி.
ஒன்பதாவது இன்னிங்ஸ், இரண்டு அவுட்,
மூன்று பேஸிலும் ஆள்,
ஒரு ரன் குறைவு.
மட்டையோடு வருகிறவன் டெல்வின் உர்பினா,
மூன்று வாரமாகப் பந்துக்கும் அவனுக்கும்
அறிமுகமே இல்லை.
நான் தரைக்குக் காது கொடுத்தேன்.

ஒன்றுமில்லை.
குத்து இல்லை, கிறீச் இல்லை.
முடிந்துவிட்டதா,
தோற்றுப்போய் அப்படியே உறைந்துவிட்டானா,
உடம்புக்கு ஏதாவதா?

ஈரக் கையோடு நின்றேன்.
அந்த வருடம் முதன்முறையாக
ஆட்டம் எனக்கு
நடக்கும்போதே நடந்தது.
ஸ்ட்ரைக்.
ஸ்ட்ரைக்.
ஒன்று வெளியே போயிற்று.
பிறகு விறகு பிளந்தது போல் ஒரு சத்தம்,
வர்ணனையாளர் மெய்யெழுத்தெல்லாம் மறந்து
வெறும் உயிரெழுத்தில் கத்தினார்.

கதவு தட்டும் ஒலி.
ரூடி. வெறும் காலுறையோடு.
கையில் முதுகு திறந்த ரேடியோ.
“பேட்டரி செத்துப்போச்சு” என்றான்.
எட்டு மாதத்தில் முதல் வாக்கியம்.
“உர்பினா வந்து நின்னது வரைக்கும் கேட்டேன்.
என்ன ஆச்சு?”

கைபேசிக்குள் ஒரு மைதானமே
எழுந்து நின்று கூவிக்கொண்டிருந்தது.
அதை அணைத்து
மேலே பாத்திரத் துண்டைப் போட்டேன்.
முகத்தை எப்படி வைத்துக்கொள்வதென்று
தெரியவில்லை.

நாற்காலியை இழுத்துப் போட்டேன், கிறீச்சென்று.
உட்காரச் சொன்னேன்.
சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தபடி
“பொறு” என்றேன்,
“நாற்பது வினாடி.”