பிழை திருத்தம்

முதல் நாவலை அவர் கொண்டுவந்தபோது
எம்.சி. ரோட்டில் ஆடித் தள்ளுபடி.
புடவைக் கூட்டத்தைப் பிளந்து மாடியேறி,
கல்யாணப் பத்திரிகை அடித்துக்கொண்டிருந்த என்னிடம்
நோட்டை நீட்டினார்.
நூற்றி நாற்பது பக்கம், ஒரு முற்றுப்புள்ளி இல்லை.
மறந்துவிட்டார் பாவம் என்று
ராத்திரியெல்லாம் உட்கார்ந்து நானே வைத்தேன்,
இரண்டாயிரத்துச் சொச்சம்.
புருஷோத்தமன் கோபப்படவில்லை.
பக்கத்தில் ஸ்டூல் போட்டு
ஒவ்வொன்றாக எடுக்கச் சொன்னார்.
"கொருக்குப்பேட்ட கேட்டுல கூட்ஸு போவுது மெஹரு,
நீ ஏம்மா நடுவுல நடுவுல நிறுத்துற?"

பகலில் மின்வாரியத்தில் கணக்கெடுப்பாளர்.
நாய்க்குப் பயந்து, செருப்பு ஸ்டாண்டுக்கு மேலே
எட்டிப் பார்த்து எண் குறிக்கிற வேலை.
இரண்டாம் நாவலில் எண்கள்தான்.
நாற்பத்தெட்டு வீடு, இரண்டு மாதத்துக்கு ஒரு வரி.
பதினோராம் வீட்டில்
இருநூற்றுப் பன்னிரண்டு, இருநூற்று ஐந்து,
ஆறு,
பூஜ்யம், பூஜ்யம்,
அப்புறம் திடீரென்று தொள்ளாயிரம்.
யார் செத்தது, யார் ஏசி வாங்கியது,
ஒரு வார்த்தை கிடையாது.
அடிக்கையில் அந்த ஆறில் என் விரல் நின்றது.
ஆள் இல்லாத வீட்டில்
எதை எரியவிட்டுப் போனார்கள்?
விற்றது எழுபத்தி மூன்று பிரதி.

கூவத்துக்கு அந்தப் பக்கத்திலிருந்து
ஒரு பதிப்பாளர் வந்தார்.
"வடசென்னை சார், உங்க கையில தங்கச் சுரங்கம்.
ஒரு கத்தி. ஒரு கேரம்போர்டு. கொஞ்சம் ரத்தம்."
சரி என்றார்.
மூன்றாம் நாவலில் கத்தி வந்தது.
இருநூறு பக்கமும் செகண்ட் லைன் பீச் அத்தோ கடையில்
வெங்காயம் நறுக்கியது.
அதில் தொண்ணூற்றோராம் பக்கம்
ஒரே பத்தி இரண்டு தடவை விழுந்துவிட்டது.
என் கைப்பிழை. கரண்ட் போய் வந்த அவசரம்.
அடையாறு விமர்சகர் ஒருவர் அதைப் பற்றி மட்டும்
மூன்று பக்கம் எழுதினார்: "நினைவின் விக்கல்."
நான் அழாத குறை.
அவர் ஒரு தட்டு அத்தோவும் முட்டையும் வாங்கிக் கொடுத்து
"ரெண்டாம் பதிப்பு வந்தா மூணு தடவ போட்டுடலாம்" என்றார்.
ரெண்டாம் பதிப்பு வரவில்லை.

நடுவில் மூன்றை விட்டுவிடுகிறேன்.
ஒன்று எனக்கே புரியவில்லை.
ஒன்றுக்கு அச்சகத்தில் பாக்கி இன்னும் நிற்கிறது.
ஒன்றின் முதல் படியை எண்ணூர் சாம்பல் படிந்த லாரிக் கண்ணாடிகளில்
விரலால் எழுதினேன் என்கிறார். நான் நம்பவில்லை.

இப்போதைய நாவலில் ழ இல்லை.
எங்கேயும்.
மழை கிடையாது. டிசம்பரில் வெறுமனே தண்ணி வருகிறது,
கட்டில் கால் வரை, அப்புறம் மெத்தை வரை.
யாரும் அழுவதில்லை, விழுவதில்லை.
குழந்தைகள் இல்லை, பசங்கதான்.
வாழைப்பழக்காரர் வண்டியோடு காணாமல் போனார்.
ஃபாரம் மடிக்கிற டில்லி நாலு பக்கம் படித்துவிட்டுச் சொன்னான்:
"இதுல இன்னா புச்சு? நம்ம ஜனம் பேசுற மாரியே கீது."
அன்றைக்குப் போல் அவர் சிரித்து
நான் பார்த்ததில்லை.

நேற்று பின்னட்டைக் குறிப்பு. நான்தான் அடித்தேன்:
பழைய வண்ணாரப்பேட்டையில் வாழும் தமிழ் எழுத்தாளர்.
இது இவருடைய ஏழாவது நாவல்.
திரையைப் பார்த்தார்.
கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு மறுபடி பார்த்தார்.
"அட்டையும் நாவல்தாம்மா."
பழைய போனது. வாழும் போனது. தமிழ் போனது.
எழுத்தாளருக்குப் பக்கத்தில் கர்சர் துடித்துக்கொண்டு நின்றது.
நான் அழுத்தவில்லை.
அவரே கை நீட்டி அழுத்தினார்.
ஏழாவதை, ஆறுக்கு அடுத்தது என்று ஒட்டுப்போட்டோம்.
மிச்சம்: வண்ணாரப்பேட்டை, மின்வாரியம்,
இன்னும் எட்டு மாதத்தில் ஓய்வு.

இறங்கும்போது பழக்கதோஷத்தில்
மாடிப்படிக்கு அடியில் குனிந்து
என் மீட்டரைப் பார்த்தார்.
"முந்நூத்தி எட்டு ஏறிக்கீது மெஹரு.
ராத்திரில இன்னாதான் பண்ற?"